நாரைகளுக்கு முனிரத்தினம் சொன்ன வாழ்த்து

கழியும் சாக்குமாக அவர்கள் வந்தபோது நான் கேமராவில் கண்ணை வைத்துக்கொண்டிருந்தேன். அந்தக் காலத்து வீடியோ கேமராவில் கண் வைத்துப் பார்க்கும் இடத்தில் எல்லாம் கறுப்பு வெள்ளையாகத்தான் தெரியும். புளியமரத்து உச்சியில் ஒரு தாய் நாரை இறக்கையை விரித்து வைத்து, குஞ்சுகளுக்கு நிழல் பிடித்துக்கொண்டிருந்தது. வெயில் அப்படி. நானும் அந்த நிழலுக்குள் போய் உட்கார்ந்துவிடலாமா என்று யோசித்துக்கொண்டிருந்த நேரத்தில் கீழே பேச்சுச் சத்தம் கேட்டது.

கேமராவை இறக்கினேன். ஏரிக்கரையில் ஏழெட்டு ஆட்கள். தோளில் நீள நீளமான மூங்கில் கழிகள். முன்னால், அன்றைக்கென்று வெளுத்துக் கட்டிய வேட்டியோடு முனிரத்தினம்.

பங்குனி பிறந்திருந்தது. புளி உலுக்கும் காலம்.

“டீச்சரம்மா, கொஞ்சம் அப்பால ஜருகு. தலை மேல வுழுந்துடப் போவுது” என்றார்.

நான் டீச்சர் இல்லை. எங்கள் சித்தூர்ப் பக்கத்தில் மூக்குக்கண்ணாடி போட்டு, நெற்றியில் பொட்டு இல்லாமல் ஒரு பெண் வந்தால் அவள் டீச்சரம்மா. கையில் பை இருந்தால் நர்சம்மா. எஸ்தர் என்று பெயர் சொல்லிப் பார்த்துவிட்டு நானும் எப்போதோ விட்டுவிட்டேன்.

“இந்த மரத்தையுமா உலுக்கப் போறீங்க?” என்று கேட்டேன்.

“இந்த மரத்துக்கோசரம்தான் வேலம்பாட்டே எடுத்தேன். நல்லா கேட்ட போ.”

ஏலத்தை எங்கள் பக்கத்தில் வேலம் என்பார்கள். கரையிலேயே பெரிய மரம் அதுதான். கிளைக்குக் கிளை பழம். உச்சியில் நாரைக் கூடுகள். கழியால் அடித்து உலுக்கினால் பழத்தோடு குஞ்சும் விழும். ஒரு குஞ்சுக்குக்கூடப் பறக்கத் தெரியாது. தை மாதத்திலிருந்து நான் அவற்றைப் படம்பிடித்துக்கொண்டிருந்தேன். எது சோம்பேறி, எது சண்டைக்காரி என்று எனக்குத் தெரியும். அவை அத்தனையும் என் கண் முன்னால் தரையில் வந்து விழப்போகின்றன.

அதன்பிறகு நடந்ததைச் சொல்வதற்கு முன், கல்யாண வீடியோ எடுக்கிற ஒருத்தி புளியமரத்தடியில் என்ன செய்துகொண்டிருந்தாள் என்பதைச் சொல்லியாக வேண்டும். முனிரத்தினம் அதுவரை கழியோடு நிற்கட்டும். அவருக்குப் பொறுமை கிடையாதுதான். ஆனால் எழுதுவது நான்.

குவைத்திலிருந்து வந்த கேமரா

நாட்டின் கதவுகளைத் திறந்துவிட்டார்கள் என்று பேப்பர்களில் எழுதிய வருஷங்கள் அவை. எங்கள் தெருவில் அந்தக் கதவு வழியாக எல்லோரும் வெளியேதான் போனார்கள். ஒரு வீட்டில் மகன் பெங்களூருக்கு, இன்னொரு வீட்டில் மருமகள் மஸ்கட்டுக்கு. என் அண்ணன் சாமுவேல் குவைத்துக்குக் கார் ஓட்டப் போனான்.

முதல் லீவில் வந்தபோது ஒரு கம்பளி, வாசனை சோப்பு, தோளில் வைக்கும் பெரிய வீடியோ கேமரா எல்லாம் கொண்டுவந்தான். இனிமேல் போகப்போவதில்லை, சித்தூரிலேயே கல்யாண வீடியோ எடுத்துப் பிழைக்கப்போகிறேன் என்று சபதம் செய்தான். கம்பளி வாசனை போவதற்குள் அடுத்த விசா வந்துவிட்டது. கிளம்பும்போது கேமராவைத் தூக்கி என் மடியில் வைத்தான்.

“நீ பாத்துக்கோ” என்றான், ஏதோ ஆட்டுக்குட்டியை விட்டுப்போகிறவன் மாதிரி.

அம்மாவுக்குத் தூக்கம் போயிற்று. “கல்யாணம் பண்ணிக்க வேண்டிய பொண்ணு, ஊரார் கல்யாணத்தையெல்லாம் படம் புடிச்சிக்கினு திரிஞ்சா எவன் வருவான்?” என்று சர்ச்சுக்கு வருகிறவர்களிடமெல்லாம் கேட்டாள். நைனா, அதாவது என் அப்பா, மட்டும் கேமராவைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். அவர் மிஷன் ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே எடுப்பவர்.

“நம்ம வூட்ல படம் புடிக்கிறது ஒண்ணும் புதுசில்லையே” என்றார். “நான் எலும்பைப் புடிச்சேன். அவ சதையைப் புடிக்கட்டும்.”

இப்படித்தான் என் திரை வாழ்க்கை தொடங்கியது. பெரிய பெரிய மேடைகளில் என்னிடம் உங்கள் ஆரம்பகால உந்துதல் என்ன என்று கேட்டிருக்கிறார்கள். குவைத் விசா என்று சொன்னால் சிரிக்கிறார்கள்.

ரெண்டு வார்த்தை

எனக்கு வேலை அதிகம் கிடைத்தது நாராயணவனத்தில். கல்யாண வெங்கடேசர் கோயில் இருக்கிற ஊர். சுவாமிக்கே அங்கேதான் கல்யாணம் நடந்தது என்பதால், முகூர்த்த நாளில் ஒரே மண்டபத்தில் இரண்டு மூன்று ஜோடிகள் முதுகோடு முதுகு இடித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார்கள். சர்ச்சில் பாட்டுக் குழுவில் நிற்கிறவள் நான். ஒரே வருஷத்தில் எந்தச் சடங்குக்குப் பிறகு எந்தச் சடங்கு என்று எனக்கு அத்துப்படியாகிவிட்டது.

கல்யாண வீடியோவுக்கு என்று ஒரு முறை உண்டு. முதலில் பூ. பிறகு வாசலில் வாழைமரம். பிறகு மணமக்கள். பந்தி முடிகிற சமயத்தில் மைக்கைக் கையில் எடுத்துக்கொண்டு ஒவ்வொரு பெரியவராகப் போய், “ரெண்டு வார்த்தை வாழ்த்து சொல்லுங்க” என்று கேட்க வேண்டும். யாரை விட்டாலும் வம்பு. என் தம்பி மகன் பேசினான், நான் பேசவில்லையே என்று ஆறு மாதம் கழித்துக்கூட வந்து சண்டை பிடிப்பார்கள்.

ஒரு விஷயத்தை நான் சீக்கிரமே கவனித்தேன். மைக்கைக் கண்டால் எங்கள் ஜனங்களுக்கு வாழ்த்து தானாக வரும். பாகாலாவில் ஒரு மாமனார், சாம்பாரில் தொடங்கிய சண்டையில் சம்பந்தியின் சட்டையையே பிடித்துவிட்டார். அந்த நேரத்தில் விவரம் தெரியாமல் நான் மைக்கை நீட்டிவிட்டேன். சட்டையை விட்டார், துண்டைச் சரிசெய்தார், மேடைப் பக்கம் திரும்பிக் கையைத் தூக்கினார், தமிழில் தொடங்கித் தெலுங்கில் முடித்து வாய் நிறைய வாழ்த்தினார். பிறகு மறுபடி சட்டையைப் பிடித்தார்.

கல்யாண வீடியோக்காரி என்கிற இந்த முகம் என்னை விடவே இல்லை. பல வருஷம் கழித்து, அலிபிரியில், திருப்பதி மலையடிவாரத்தில், சிறுத்தைக்காகக் காத்திருந்தபோதுகூட, மொட்டை போட்ட குடும்பங்கள் வரிசையாக வந்து என் முன்னால் நின்றுகொள்ளும். நான் சிறுத்தையைப் படம்பிடிக்க வந்திருக்கிறேன் என்று சொன்னால், “அது வர்றதுக்குள்ள எங்கள ஒண்ணு புடிச்சிடும்மா” என்பார்கள். பிடித்துக் கொடுத்தேன். என்னிடம் இன்னும் அந்த மொட்டைகள் இருக்கின்றன. சிறுத்தையின் வால் மட்டும் ஒரே ஒரு காட்சியில் இருக்கிறது.

யாருக்குக் கல்யாணம்?

ஒரு கல்யாணத்தில் மாப்பிள்ளை வீட்டு வேன் வழியில் நின்றுவிட்டது. முகூர்த்தத்துக்கு நேரமிருந்ததால் வயல் வரப்பில் நடந்து கல்லேரி என்ற ஊர்வரை போனேன். அங்கேதான் அவற்றை முதலில் பார்த்தேன். மஞ்சள் அலகு, சிவந்த முகம், முதுகில் ரோஸ் பவுடரைக் கொட்டின மாதிரி சில இறகுகள். மஞ்சள்மூக்கு நாரை என்பது பெயர் என்று பிறகு தெரிந்துகொண்டேன். கல்லேரிக்காரர்களுக்கு அது கொக்கு. பெரிய கொக்கு.

முன்பெல்லாம் அவை ஏரிக்குள் நின்ற கருவேல மரங்களில்தான் கூடு கட்டுமாம். அந்த வருஷம் அந்த மரங்களை விறகுக்கு வெட்டிவிட்டார்கள். வந்து பார்த்த நாரைகள் கொஞ்சநாள் சுற்றிச் சுற்றிப் பறந்துவிட்டு, கரையிலிருந்த புளியமரத்துக்குக் குடிவந்துவிட்டன.

அன்றைக்கு மாப்பிள்ளை வந்து சேர்ந்தார், தாலி கட்டினார், நான் எல்லாவற்றையும் படம்பிடித்தேன். ஆனால் என் மனசு மரத்தில் இருந்தது. இதைத்தான் செய்ய வேண்டும், வாழ்க்கை முழுக்க இதை மட்டும்தான் செய்ய வேண்டும் என்று பஸ்ஸில் திரும்பும்போது தோன்றியது. இவ்வளவு தெளிவாக எனக்கு அதற்கு முன்னும் பின்னும் எதுவும் தோன்றியதில்லை.

முகூர்த்தம் இல்லாத நாட்களில் கல்லேரிக்குப் போக ஆரம்பித்தேன். முதல் நாளே ஊர் கூடிவிட்டது. வீடியோ வந்திருக்கிறது என்றால் விசேஷம் என்றுதானே அர்த்தம்? பெண்கள் முகம் கழுவி, பவுடர் போட்டு, பட்டுப்புடவையில் வந்தார்கள். வந்தவர்கள் கேமராவுக்கு முன்னால் ஆடாமல் அசையாமல் மூச்சை அடக்கி நின்றார்கள். ஸ்டூடியோவில் போட்டோ எடுத்துத்தான் அவர்களுக்குப் பழக்கம். நகரலாம், பேசலாம் என்று எவ்வளவு சொன்னாலும் கேட்கவில்லை. அந்தக் காட்சியைப் போட்டுப் பார்த்தால், வீடியோ நின்றுவிட்டது என்றுதான் நினைப்பீர்கள். பின்னால் ஒரு ஆடு நடந்துபோவது மட்டும்தான் ஓடுகிறது என்பதற்கு அடையாளம்.

“யாருக்குமா கல்யாணம்?” என்று ஒரு பெரியம்மா கேட்டார்.

“தோ, மேல பாரு. கொக்குக்குதான்” என்றார் ராஜம்மா. கூட்டம் சிரித்தது. அன்றிலிருந்து ஊருக்குள் என் வேலைக்குப் பெயர் கொக்குக் கல்யாணம்.

ராஜம்மா யார் என்றால், நம் முனிரத்தினத்தின் மனைவி. நான் போகும்போதெல்லாம் எனக்குக் கேழ்வரகுக் கூழ் கொடுத்துவிட்டு, நான் குடிப்பதைப் பார்த்துக்கொண்டே தன் வீட்டுக்காரரைப் பற்றிக் குறைசொல்வார். அப்படித்தான் எனக்குக் கதை தெரிந்தது.

அவர்கள் வீட்டில் பரம்பரையாக ஒரு சாண் நிலம் இருந்ததில்லை. முனிரத்தினம் சின்ன வயதிலிருந்தே புளி உலுக்க மரம் ஏறியவர். மரம் வேறு யாருடையதோ, வேலம் எடுத்தவர் வேறு யாரோ, கீழே விழுந்தால் எலும்பு மட்டும் இவருடையது. அந்த வருஷம்தான் ஏரிக்கரைப் புளியை வேலம் விடும்போது பஞ்சாயத்து ஆபீசில் தானே எழுந்து கையைத் தூக்கியிருக்கிறார். பஞ்சாயத்துத் தலைவரான சர்பஞ்ச் ஒருமுறைக்கு இருமுறை திரும்பிப் பார்த்தாராம்.

“எனக்கே பக்குன்னு ஆயிப்போச்சி” என்றார் ராஜம்மா. “தலைப்பிரசவத்துக்குப் பொண்ணு வூட்டுக்கு வந்துக்கீறா. இந்த ஆளு கைய தூக்கிக்கினு நிக்கிது. ஆனா ஒண்ணு சொல்றேன் எஸ்தரு, தூக்குனப்போ பாக்க நல்லாத்தான் இருந்துது.”

மைக்

இப்போது மரத்தடிக்குத் திரும்புவோம். முனிரத்தினம் இன்னும் அங்கேதான் நிற்கிறார்.

“அண்ணா, குஞ்சுங்க பறக்கிற வரைக்கும் கொஞ்சம் பொறுங்களேன்” என்று கெஞ்சினேன்.

“எப்ப பறக்கும்?”

“தெரியாது.”

“மழ எப்ப வரும்னு எனக்கும் தெரியாது. மாங்கா மழ ஒண்ணு புடிச்சிக்கிச்சின்னா மரத்துமேலயே பழம் கறுத்துப் பூடும். புழு வெக்கும். அப்பால எவன் வாங்குவான்? நான் மொத மொத எடுத்த வேலம்மா இது. நான் தோத்துட்டா, இனிமே எங்க ஆளுங்க ஒருத்தன்கூட அந்த ஆபீசுல கைய தூக்க மாட்டான்.”

அவர் சொன்னதில் ஒரு தப்பும் இல்லை. கெட்டவராக இருந்திருந்தால் சத்தம் போட்டிருப்பேன். அட்டவி ஆபீசில், அதாவது வன இலாகாவில், போய்ச் சொல்லலாம் என்றால், பஸ் பிடித்துத் திருப்பதி போய் ஆளைக் கூட்டிவருவதற்குள் மரத்தில் இலைகூட மிஞ்சாது.

அவருடைய ஆட்கள் கீழே சாக்குகளை விரிக்க ஆரம்பித்தார்கள். அவர்களில் மூத்தவர் செங்கல்ராயன், வேட்டியைத் தார்ப்பாய்ச்சிக் கட்டிக்கொண்டு அடிமரத்தில் கைவைத்தார். உச்சியில் நாரைகள் கழுத்தை நீட்டிக் கீழே பார்த்தன.

என் முகத்தைப் பார்த்து முனிரத்தினத்துக்கும் ஒருமாதிரி ஆகிவிட்டது போலிருக்கிறது. பேச்சை மாற்றுகிறவர் மாதிரி தொண்டையைச் செருமினார்.

“ஏம்மா, தையிலேர்ந்து இந்தக் கொக்கையே புடிச்சிக்கினு கீறியே. என்னியும் ஒரு தபா புடியேன். வேலம் எடுத்தவன் மரத்தண்ட நிக்கிற மாதிரி. பாகாலால எங்க மச்சான் வூட்ல வீடியோ டெக்கு வாங்கிக்கீறாங்கோ. போட்டுப் பாக்கட்டும்.”

கேமராவைத் தோளில் ஏற்றினேன். உடனே அத்தனை பேரும் கழிகளை நேராக நிறுத்திக்கொண்டு, மூச்சை அடக்கிச் சிலையாக நின்றுவிட்டார்கள். செங்கல்ராயன் மரத்தில் வைத்த கையை எடுக்கவில்லை. முனிரத்தினம் துண்டை உதறிப் போட்டுக்கொண்டு நடுவில் வந்து நின்றார்.

இந்த இடத்தைப் பற்றி என்னிடம் நிறையப் பேர் கேட்டிருக்கிறார்கள். திட்டம் போட்டுச் செய்தீர்களா என்று. சத்தியமாக இல்லை. அவ்வளவு புத்தி இருந்தால் நான் வக்கீலாகப் போயிருப்பேன். இடது கை தன்பாட்டுக்குப் பையிலிருந்து மைக்கை எடுத்தது. ஒயரை உதறியது. வாய் தன்பாட்டுக்குச் சொன்னது:

“அண்ணா, ரெண்டு வார்த்தை வாழ்த்து சொல்லுங்க.”

முனிரத்தினம் மைக்கைப் பார்த்தார். அதற்கு முன்பு அவர் மைக்கில் பேசியதெல்லாம் கல்யாண வீடுகளில்தான். நிமிர்ந்தார். மணமக்கள் உட்கார்ந்திருக்கும் மேடையைத் தேடிக் கண் வலதுபக்கம் போயிற்று, இடதுபக்கம் போயிற்று. மேடை இல்லை. மேலே பார்த்தார். கூட்டில் ஆணும் பெண்ணுமாக இரண்டு நாரைகள் பக்கத்தில் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தன. வலது கை தானாக உயர்ந்தது.

“பொண்ணும் மாப்பிள்ளையும் நல்லா இருக்கணும்” என்று கணீரென்று ஆரம்பித்தார். “நூறு வருஷம் நல்லா இருக்கணும். புள்ள குட்டிங்களோட, ஒரு கொறையும் இல்லாம, எங்க போனாலும் நல்லபடியா வூடு வந்து சேரணும். அந்தரூ சல்லகா உண்டாலி!”

எல்லோரும் நன்றாக இருக்க வேண்டும் என்று தெலுங்கில் அவர் முடித்ததும், பின்னால் கழியோடு நின்றவர்களில் ஒருவர் பழக்கதோஷத்தில் கைதட்டிவிட்டார்.

மேலே ஒரு நாரை அலகைத் தட்டியது. தான் சொன்னது என்ன என்பது முனிரத்தினத்தின் முகத்தில் மெதுவாக ஏறுவதை நான் கேமராவுக்குள் பார்த்தேன்.

ஆட்களுக்குக் கூழ் கொண்டுவந்த ராஜம்மா, கையில் தூக்குவாளியோடு கரைமேல் நின்றிருந்தார். எப்போது வந்தார் என்று யாரும் பார்க்கவில்லை.

“இன்னாய்யா” என்றார். “வாயால வாழ்த்திட்டு, கையால அடிப்பியா?”

“மைக்கை நீட்டுனாங்கோ. சொல்ட்டேன்.”

“சொல்ட்டியா, இல்லியா? புள்ள குட்டியோட இருக்கணும்னு கைய தூக்கி சொல்ட்டு, அந்தப் புள்ளைங்களையே கீழ தள்ளுவியா? வூட்ல புள்ளத்தாச்சிய வெச்சிக்கினு?”

எங்கள் பக்கத்தில் கைதூக்கி வாழ்த்துவது லேசான காரியம் இல்லை. வாழ்த்திய வீட்டுக்குக் கெடுதல் நினைத்தால் அது தன் வீட்டுக்கே திரும்பும் என்பார்கள். ஜென்ம விரோதிகள்கூட ஒரு கல்யாணத்தில் வாழ்த்திவிட்டால், அந்தத் தம்பதிக்குக் குழந்தை பிறக்கிறவரை வழக்கைக்கூட ஒத்திப்போடுவார்கள். நான் ஞாயிறு தவறாமல் சர்ச்சுக்குப் போகிறவள். எனக்கே அந்தப் பயம் உண்டு.

முனிரத்தினம் மரத்தைப் பார்த்தார், மனைவியைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். என்னைப் பார்த்ததுதான் அதிக நேரம்.

“சிக்க வெச்சிட்டியேம்மா” என்றார். பிறகு செங்கல்ராயனைப் பார்த்துத் தலையை ஆட்டினார். “சர்லே, சாக்கை மடி.”

நான் அப்போதுதான் மூச்சு விட்டேன். சந்தோஷத்தில் எனக்கு அழுகையே வந்துவிட்டது. ராஜம்மா வந்து ஒரு சொம்பு கூழைக் கையில் கொடுத்து, “துன்னுட்டு அழு” என்றார்.

காவல்

அன்றிலிருந்து முனிரத்தினம் அந்த மரத்தடியில்தான் குடியிருந்தார். மற்ற சின்ன மரங்களைச் சத்தமில்லாமல் முடித்தார்கள். பெரிய மரத்தில் எட்டுகிற கிளைகளில் மட்டும் ஏணி வைத்துக் கையால் பறித்தார்கள். அது குழம்புக்குப் போதும், வேலத்துக்குப் போதாது.

வாழ்த்தியாகிவிட்டது, இனிக் குஞ்சுகள் சீக்கிரம் வளர்ந்தால் போதும் என்பதுதான் அவர் கவலை. அந்தக் கவலையில் நாரைகளையே அதட்ட ஆரம்பித்தார். மீன் பிடிக்கப்போன நாரை வரத் தாமதமானால், “எங்க போய்க்கினு இருந்த இவ்ளோ நேரம்? புள்ளைங்க பசியில கத்துது பாரு” என்று கீழேயிருந்து சத்தம் போடுவார். காக்காய் வந்தால் துண்டைச் சுழற்றுவார். நாரை அலகில் தண்ணீர் கொண்டுவந்து குஞ்சுகள்மேல் ஊற்றுவதைப் பார்த்த அன்றைக்கு, ராஜம்மாவை அடுப்படியிலிருந்து கையோடு இழுத்துவந்து காட்டினார்.

“இந்த ஆளு எம் புள்ளைங்களுக்கு ஒரு சொம்பு தண்ணி ஊத்திக்கீறாரா கேளு” என்றார் ராஜம்மா என்னிடம்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்து நைனா பஸ் ஏறி வந்தார். முனிரத்தினம் அவரை டாக்டர் என்றே நினைத்துக்கொண்டார். நைனாவும் மறுக்கவில்லை. ஒரு குஞ்சு இறக்கையை விரித்த சமயம் பார்த்து, கண்ணைச் சுருக்கிக்கொண்டு வெகுநேரம் பார்த்தார்.

“எலும்பு நல்லா கூடிக்கிச்சி. ஒரு வாரத்துல பறந்துடும்” என்றார்.

ஒரு வாரம் போயிற்று. இன்னொரு வாரமும் போயிற்று. குஞ்சுகள் கூட்டின் விளிம்பில் நின்று இறக்கையை அடித்துப் பார்க்கும். ஏதோ ஞாபகம் வந்த மாதிரி மறுபடி உட்கார்ந்துவிடும்.

“ஒங்க நைனாவ மனுசனோட நிறுத்திக்கச் சொல்லு” என்றார் முனிரத்தினம்.

அந்த நாட்களில்தான் அவர் மகளுக்குப் பெண் குழந்தை பிறந்தது. ஆஸ்பத்திரியிலிருந்து நேராக ஏரிக்கரைக்குத்தான் வந்தார். ஒரு பொட்டலம் சர்க்கரை. எனக்கு ஒரு கை கொடுத்தார், தன் வாயில் கொஞ்சம் போட்டுக்கொண்டார், மிச்சத்தை அடிமரத்தில் தூவினார். எறும்புகளுக்கு அன்று பண்டிகை.

இங்கே ஒன்று சொல்ல வேண்டும். நான் எடுத்ததையெல்லாம் பிறகு திருப்பதியில் ஒரு மிக்சிங் கடையில்தான் கொடுத்து வெட்டி ஒட்டினேன். அங்கிருந்தவருக்குக் கல்யாண வீடியோ தவிர வேறு தெரியாது. நான் டீ குடித்துவிட்டு வருவதற்குள் இரண்டு நாரைகளையும் இதய வடிவத்துக்குள் வைத்து, சுற்றிலும் ரோஜா சுழலவிட்டு, பின்னால் நாதஸ்வரம் போட்டுவிட்டார். எடுக்கச் சொன்னேன். எடுத்தால் படமே அழிந்துபோகும் என்று பயமுறுத்தினார். பல வருஷம் கழித்து டெல்லியில் ஒரு அரங்கில் தாடி வைத்த ஒருவர், அந்த ரோஜா இடத்தில் நீங்கள் செய்திருக்கும் நையாண்டி அபாரம் என்று என் கையைப் பிடித்துக்கொண்டார். நானும் தலையை ஆட்டிவைத்தேன்.

கடைசிக் குஞ்சு

குஞ்சுகள் ஒவ்வொன்றாகப் பறக்கத் தொடங்கின. ஒன்று பறந்தால் ஊரே கைதட்டும். முனிரத்தினம் மட்டும் வானத்தைப் பார்ப்பார். நகரி மலைப் பக்கம் மதியமானால் மேகம் கட்ட ஆரம்பித்திருந்தது.

கடைசியில் ஒன்றே ஒன்று மிஞ்சியது. நான் சோம்பேறி என்று சொன்னேனே, அதேதான். அதன் கூடப் பிறந்தவை ஏரிக்கு அந்தப் பக்கம் மீன் தேடப் போய்விட்டன. அம்மாக்காரி எதிர்ப் பனைமரத்தில் நின்றுகொண்டு வா வா என்று பார்க்கிறது. இது கூட்டைவிட்டு நகர்வேனா என்கிறது.

அன்று காலையிலிருந்தே புழுக்கம். மத்தியானத்துக்கு மேல் இடி கேட்டது. ஆட்கள் கழிகளோடு தயாராக வந்துவிட்டார்கள்.

“மாமா, ஒண்ணே ஒண்ணுதானே” என்றார் செங்கல்ராயன். “அந்தப் பக்கத்துக் கெளையிலேர்ந்து ஆரம்பிக்கிறோம். மழ கெளம்பிடுச்சி.”

முனிரத்தினத்தின் முகம் வாடிப்போயிருந்தது. வானத்தைப் பார்த்தார். சரி என்று அவர் சொல்லியிருந்தால் அன்று நான் குறுக்கே நின்றிருக்க மாட்டேன். அவர் பொறுத்ததே அதிகம்.

“கைய தூக்குனப்போ எண்ணிப் பாத்தா வாழ்த்துனேன்?” என்றார். “அல்லாத்துக்கும் சேத்துதான சொன்னேன்.”

பிறகு மரத்துக்குக் கீழே போய் நின்று, மேலே பார்த்துக் கைகூப்பினார்.

“யம்மா, தாயே! எம் பேத்தியே கண்ணத் தொறந்து சிரிக்கிறா. நீ இன்னும் குந்திக்கினு கீறியே. எழுந்துரு தாயே. ஒங்க அம்மா தோ கூப்புடுறா பாரு.”

யாரும் சிரிக்கவில்லை. நான் கேமராவை ஓடவிட்டு, கூட்டிலிருந்து கண்ணை எடுக்காமல் நின்றேன். மழைக்கு முன்னால் வரும் காற்று ஏரிக்குள்ளிருந்து கிளம்பியது. மண் வாசனையோடு வந்து மரத்தைப் பிடித்து ஆட்டியது. குஞ்சு தடுமாறி இறக்கையை விரித்தது. விரித்த இறக்கைக்குள் காற்று புகுந்தது.

அது பறக்கவில்லை. விழுந்தது. ராஜம்மா “ஐயோ” என்று அலறியது படத்தில் இன்றைக்கும் கேட்கும். கரையைத் தாண்டி ஏரிப் பக்கம் அது சரிந்தது. நானும் கேமராவோடு திரும்பினேன். தண்ணீருக்கு ஓர் ஆள் உயரம் இருக்கும்போது இறக்கை ஒருமுறை அடித்தது, இன்னொரு முறை அடித்தது. காலைத் தொங்கவிட்டபடி கோணல்மாணலாக எழும்பியது. ஏரியைப் பாதி சுற்றிப் பனைமரத்துக்குப் போய், அம்மா பக்கத்தில் இடித்துக்கொண்டு உட்கார்ந்தது.

கரையில் எழுந்த கூச்சல் நாராயணவனம்வரை கேட்டிருக்கும். செங்கல்ராயன் கழியைத் தூக்கிப்போட்டுக் குதித்தார். முனிரத்தினம் மட்டும் என்னிடம் ஓடிவந்தார்.

“புடிச்சியா?”

“புடிச்சேண்ணா.”

“மெய்யாலுமா? காட்டு.”

டேப்பைப் பின்னால் ஓட்டி, கேமராவை அவர் தோளில் வைத்தேன். எங்கே பார்ப்பது என்று காட்டினேன். அவருக்கு ஒரு கண்ணை மூடத் தெரியவில்லை. இரண்டும் சேர்ந்தே மூடியது. என் உள்ளங்கையால் அவருடைய இடது கண்ணைப் பொத்தினேன்.

பெரிய பெரிய துளிகளாகக் கரைமண்ணில் விழ ஆரம்பித்தது. ஆட்கள் கழியோடு இவர் வாயையே பார்த்து நின்றார்கள்.

“யோவ், மழய்யா!” என்றார் ராஜம்மா.

முனிரத்தினத்துக்குக் காது கேட்கவில்லை. வாய் கொஞ்சம் திறந்திருந்தது. ராஜம்மா அவரை ஒரு நிமிஷம் பார்த்தார். பிறகு முந்தானையை இழுத்து இடுப்பில் செருகிக்கொண்டார்.

“ஏறுங்கடா. நான் சொல்றேன், ஏறுங்க! பொம்பளைங்க அல்லாரும் சாக்கைப் புடிங்க!”

செங்கல்ராயன் மரத்தில் தாவினார். கழிகள் கிளைகளில் விழுந்தன. ஊர்ப் பெண்கள் அத்தனை பேரும் சாக்கோடும் புடவைத் தலைப்போடும் ஓடிவந்தார்கள். புளியம்பழம் சடசடவென்று எங்கள் தலையில், தோளில், கேமராமேல் கொட்டியது. நடுநடுவே மழைத்துளி. கேமரா நனையாமல் என் புடவைத் தலைப்பை அவர் தலைக்கும் சேர்த்துப் போர்த்திப் பிடித்துக்கொண்டேன்.

டேப் முடிந்து ‘டக்’ என்று நின்றது. வேலம் எடுத்தவர் கண்ணை எடுக்கவில்லை.

“இன்னொரு தபா போடும்மா” என்றார்.